நூறு கை விஷ்ணுவும் ஒரு கள்ள ஆவணமும்

உலகத்தைத் தங்கள் பிடிக்குள் கொண்டுவர யூதத் தலைவர்கள் ரகசியமாகக் கூடிப் பேசியது என்று சொல்லிக்கொண்டு, 120 வருஷத்துக்கும் மேலாக ஒரு சிறு புத்தகம் நாடு நாடாகப் போய்க்கொண்டிருக்கிறது. 'சீயோன் மூப்பர்களின் நடவடிக்கைக் குறிப்புகள்' என்று அதற்குப் பெயர். மொத்தம் 24 அத்தியாயங்கள். பேசுகிறவரின் பெயர் கிடையாது. கூட்டம் நடந்த ஊரும் தேதியும் கிடையாது. பத்திரிகைகளை எப்படி வசப்படுத்துவது என்று அந்தப் பெயரில்லாத மூப்பர் விளக்கும் இடத்தில் திடீரென்று விஷ்ணு வருகிறார். தங்கள் பத்திரிகைகளுக்கு அந்த இந்தியக் கடவுளைப் போல நூறு கைகள் இருக்கும், ஒவ்வொரு கையும் ஒவ்வொரு தரப்பின் நாடியைப் பிடித்துப் பார்க்கும் என்பது அவர் பேச்சின் சாரம்.

வேறு தெய்வங்களைத் தொழக்கூடாது என்பதைப் பத்துக் கட்டளைகளின் தலைப்பிலேயே வைத்திருக்கும் மரபு யூத மரபு. அதன் மூப்பர் ஒருவர், தன் ஆட்களோடு தனியாகப் பேசும்போது உவமைக்கு விஷ்ணுவையா தேடிப்போவார்? அதிலும் நூறு கைகள்! நம் ஊரில் எந்தச் சிற்பியைக் கேட்டாலும் திருமாலுக்கு நான்கு கை என்பார். காஞ்சிபுரம் அட்டபுயகரத்தில் எட்டு. நூறு என்பது, இந்தியத் தெய்வங்களைப் பற்றி அரைகுறையாகக் கேள்விப்பட்ட ஒரு ஐரோப்பியர் சொல்லக்கூடிய எண்ணிக்கை. அந்த ஐரோப்பியர் யார் என்பதும் தெரியும். பாரிஸில் வக்கீலாக இருந்த மோரிஸ் ஜோலி. 1864-ல் அவர் எழுதிய ஒரு புத்தகத்திலும் பத்திரிகைகளைப் பற்றிய பேச்சு வருகிறது, அங்கேயும் விஷ்ணு வருகிறார், அங்கேயும் அவருக்கு நூறு கைகள். பரீட்சையில் பக்கத்துப் பையனைப் பார்த்து எழுதியவனை அவனுடைய சரியான விடைகளை வைத்துப் பிடிக்க முடியாது. பக்கத்துப் பையனின் பிழையையும் சேர்த்து எழுதியிருந்தால் பிடித்துவிடலாம்.

ஜோலியின் புத்தகத்தில் யூதர்கள் பேச்சே இல்லை. 1851-ல் ராணுவத்தின் துணையோடு பிரான்ஸின் ஆட்சியைப் பிடித்து, மறுவருஷமே பேரரசராக முடிசூட்டிக்கொண்ட மூன்றாம் நெப்போலியனைத் தாக்கி எழுதியது அது. நேரடியாகத் திட்டினால் சிறை என்பதால், செத்துப்போன இரண்டு சிந்தனையாளர்களை நரகத்தில் சந்திக்க வைத்தார் ஜோலி. ஒருவர் மாக்கியவெல்லி, மற்றவர் மோன்டெஸ்க்யூ. இனி உலகத்தில் கொடுங்கோன்மைக்கு இடமில்லை, சட்டங்கள் வந்துவிட்டன என்கிறார் மோன்டெஸ்க்யூ. தேர்தல், நாடாளுமன்றம், பத்திரிகை எல்லாவற்றையும் பெயருக்கு வைத்துக்கொண்டே சுதந்திரத்தின் கழுத்தை நெரிக்க முடியும் என்று படிப்படியாக விளக்குகிறார் மாக்கியவெல்லி. அவர் வாயால் பேசுவது நெப்போலியனின் ஆட்சி என்பது அன்றைய வாசகருக்குப் புரிந்தது, போலீசுக்கும் புரிந்தது. பிரஸ்ஸல்ஸில் பெயர் போடாமல் அச்சடித்து எல்லை தாண்டிக் கடத்திவந்த படிகளைக் கைப்பற்றினார்கள். ஜோலிக்கு 15 மாதச் சிறை. 1878-ல் அவர் தற்கொலை செய்துகொண்டார். புத்தகத்தை உலகம் மறந்துபோனது.

முழு உலகமும் மறக்கவில்லை. யாரோ ஒருவர் அதை மேசையில் விரித்து வைத்துக்கொண்டு, மாக்கியவெல்லி பேசிய வரிகளை யூத மூப்பரின் வாயில் போட்டு எழுதினார். நார்மன் கோன் என்ற வரலாற்றாசிரியர் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்து எண்ணியிருக்கிறார். 160-க்கும் மேற்பட்ட இடங்கள் ஜோலியிடமிருந்து எடுத்தவை. மொத்தப் பிரதியில் ஐந்தில் இரண்டு பங்கு. வரிசைகூடப் பெரும்பாலும் மாறவில்லை. கொடுங்கோலனை மக்கள் அடையாளம் காணட்டும் என்று ஒரு மனிதன் சிறைக்குப் போய் எழுதிய எச்சரிக்கை, அடுத்த நூற்றாண்டின் மிகக் கொடிய கொடுங்கோலர்களுக்கே ஆயுதமானது. ஜோலிக்கு நேர்ந்த அநியாயங்களில் சிறை சிறியது.

கூட்டம், மூப்பர்கள், ரகசியம் என்ற அரங்க அமைப்பு வேறு இடத்திலிருந்து வந்தது. ஹெர்மன் கோட்ஷே என்ற ஜெர்மானியர் பிரஷ்யாவின் தபால் துறையில் இருந்தவர். அரசியல் தலைவர் ஒருவரைச் சிக்கவைக்கக் கள்ளக் கடிதங்களைக் கொடுத்து மாட்டிக்கொண்டு வேலையை இழந்தவர். சர் ஜான் ரெட்கிளிஃப் என்ற ஆங்கிலப் புனைபெயரில் அவர் எழுதிய 'பியாரிட்ஸ்' என்ற நாவல் 1868-ல் வந்தது. பிராகா நகரின் யூதக் கல்லறைத் தோட்டத்தில், இஸ்ரவேலின் 12 கோத்திரங்களின் பிரதிநிதிகள் நள்ளிரவில் கூடி உலகத்தைப் பிடிக்கத் திட்டம் போடுவதாக அதில் ஓர் அத்தியாயம். முழுக்க முழுக்கக் கதை. ஆனால் நான்கே வருஷத்தில் அந்த அத்தியாயத்தை மட்டும் பிரித்து ரஷ்யாவில் துண்டுப் பிரசுரமாகப் போட்டார்கள். 1881-ல் பிரெஞ்சுப் பத்திரிகை ஒன்றில் அது ஒரு ரபி உண்மையிலேயே ஆற்றிய உரையாக வந்தது. இடையில் யாரும் புதிதாக ஒரு சான்றும் சேர்க்கவில்லை. அட்டையும் ஆசிரியர் பெயரும் கழன்றுபோனதே போதுமானதாக இருந்தது.

இந்த இரண்டு சரக்கும் சேர்ந்து 'நடவடிக்கைக் குறிப்புகள்' ஆனதும் அச்சேறியதும் ரஷ்யாவில். எழுதிய கை யாருடையது என்பதில் ஆய்வாளர்கள் ஒத்துப்போகவில்லை. ஜாரின் ரகசியப் போலீசான ஒக்ரானாவின் பாரிஸ் கிளையைப் பலர் கைகாட்டுகிறார்கள், வேறு சிலர் மறுக்கிறார்கள். அச்சிட்டவரைப் பற்றிச் சந்தேகமே இல்லை. அவர் பாவெல் க்ருஷெவான், பத்திரிகைக்காரர். கிஷினேவ் நகரில் அவர் நடத்திய பத்திரிகை, ஒரு சிறுவனின் கொலையை வைத்து யூதர்கள்மேல் நரபலிப் பழி சுமத்தி மாதக் கணக்கில் வெறியேற்றியது. 1903 ஏப்ரலில், ஈஸ்டர் நாளில், கும்பல் யூதர்களின் வீடுகளுக்குள் புகுந்தது. 49 பேர் கொல்லப்பட்டார்கள். நூற்றுக்கணக்கானவர்கள் காயப்பட்டார்கள். செய்தி உலகமெங்கும் பரவி ரஷ்யாவுக்குத் தலைகுனிவானது. அந்த வருஷமே, கோடை முடியும் நேரத்தில், பீட்டர்ஸ்பர்க்கிலிருந்து வந்த தன் இன்னொரு பத்திரிகையான 'ஸ்நாம்யா'வில் க்ருஷெவான் இந்த ஆவணத்தைத் தொடராக வெளியிட்டார். தேதிகளை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் நோக்கம் விளங்கும். செத்தவர்களையே சதிகாரர்களாக்கிவிட்டால், கொன்றவர்கள் தற்காத்துக்கொண்டவர்கள் ஆகிவிடுகிறார்கள்.

1905-ல் செர்கேய் நீலுஸ் என்ற சமய எழுத்தாளர், அந்திக்கிறிஸ்துவின் வருகை நெருங்கிவிட்டது என்று எழுதிய தன் நூலின் மறுபதிப்பில் இதைப் பின்னிணைப்பாகச் சேர்த்தார். ஜப்பானிடம் ரஷ்யா தோற்று, ஊரெங்கும் கலவரம் வெடித்திருந்த வருஷம் அது. ஆவணம் எப்படிக் கிடைத்தது? ஃப்ரீமேசன் தலைவர் ஒருவரிடமிருந்து ஒரு பெண் திருடிக் கொடுத்தது என்று அப்போது சொன்னார். 1917 பதிப்பில் கதை மாறியது. 1897-ல் பாஸல் நகரில் நடந்த முதல் சீயோனிய மாநாட்டில் தியோடர் ஹெர்ட்ஸல் முன்வைத்த திட்டம் என்றார். பாஸல் மாநாடு பகிரங்கமாக, பத்திரிகை நிருபர்களும் உட்கார்ந்திருக்க நடந்த கூட்டம். ஒரே மனிதர், ஒரே காகிதக் கட்டு, ஒன்றோடொன்று ஒட்டாத இரண்டு பிறப்புக் கதைகள். எந்த நீதிமன்றத்திலும் இந்த ஒன்றே போதும், சாட்சியைக் கூண்டிலிருந்து இறக்கிவிடுவார்கள்.

ஜார் இரண்டாம் நிக்கோலஸ் முதலில் இதைப் படித்து உருகினார் என்றும், பிரதமர் ஸ்டோலிபின் ரகசியமாக விசாரிக்கச் சொன்னபோது போலி என்று தெரிந்து பிரசாரத்தை நிறுத்தச் சொன்னார் என்றும் ஜாரின் போலீஸ் ஜெனரல் ஒருவர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். ஆனாலும் அந்தப் புத்தகம் அரச குடும்பத்தை விட்டுப் போகவில்லை. 1918-ல் எக்காத்தெரின்புர்க்கில் ஜார் குடும்பம் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு, அரசி அலெக்சாண்ட்ராவின் உடைமைகளில் நீலுஸின் நூலும் இருந்தது. அது போதும், நம்பத் துடித்தவர்களுக்கு. புரட்சியை எதிர்த்துப் போரிட்ட வெள்ளைப் படைகளின் நடுவே இது பரவியது. உக்ரைனில் அந்த உள்நாட்டுப் போர்க் காலத்தில் பல்லாயிரம் யூதர்கள் கொல்லப்பட்டார்கள். தோற்று ஓடிய அதிகாரிகள் தங்கள் மூட்டைகளில் புத்தகத்தையும் மேற்கே கொண்டுபோனார்கள். 1920 தொடக்கத்தில் ஜெர்மன் மொழிபெயர்ப்பு வந்தது. அதே வருஷம் லண்டனில், 'யூத அபாயம்' என்ற தலைப்பில், பெயர்பெற்ற ஓர் அச்சகத்திலிருந்து ஆங்கிலப் பதிப்பு.

1920 மே 8 அன்று லண்டன் 'டைம்ஸ்' இதைப் பற்றி எழுதியது. போலி என்று ஒதுக்கவில்லை. இதில் சொன்னதெல்லாம் நடப்பது போல இருக்கிறதே, இதை விசாரிக்க வேண்டாமா என்ற தோரணையில் எழுதியது. உலகமே மதித்த பத்திரிகை அப்படிக் கேட்டதும், கேள்வியே சான்றாகிவிட்டது.

அதே மே மாதத்தில் அமெரிக்காவில் ஹென்றி ஃபோர்டு தொடங்கினார். மோட்டார் காரைச் சாமானியருக்கும் எட்டவைத்த அதே ஃபோர்டு. அவருக்குச் சொந்தமான 'டியர்போர்ன் இண்டிபெண்டென்ட்' வாரப் பத்திரிகை, இந்த ஆவணத்தை அடிப்படையாக வைத்து யூதர்களுக்கு எதிராக வாராவாரம் எழுதியது. நாடு முழுக்க இருந்த ஃபோர்டு கார் முகவர்கள் அந்தப் பத்திரிகையையும் விற்க வேண்டியிருந்தது. கட்டுரைகள் 'சர்வதேச யூதன்' என்ற பெயரில் நான்கு தொகுதிகளாக வந்து ஜெர்மன் உட்படப் பல மொழிகளுக்குப் போயின. ஆவணம் உண்மைதானா என்று 1921-ல் நிருபர் கேட்டபோது ஃபோர்டு சொன்ன பதிலின் சாரம் இது: உலகில் நடப்பதோடு அது பொருந்துகிறது, அவ்வளவுதான் எனக்குத் தெரிய வேண்டும். அவதூறு வழக்கில் சிக்கிய பிறகு, 1927-ல் அவர் பொது மன்னிப்புக் கேட்டார், பத்திரிகையையும் மூடினார். அதற்குள் ஜெர்மனியில் ஒரு தலைமுறை இளைஞர்கள் அதைப் படித்து முடித்திருந்தார்கள். 1938-ல் நாஜி அரசு வெளிநாட்டவருக்குக் கொடுக்கும் உயரிய பதக்கம் ஒன்றை ஃபோர்டுக்கு அனுப்பியது, அவரும் வாங்கிக்கொண்டார்.

பொய் பிடிபட்டது கான்ஸ்டான்டிநோபிளில். டைம்ஸின் நிருபர் பிலிப் கிரேவ்ஸ் அங்கே இருந்தார். 1921-ல், புரட்சிக்குப் பின் அகதியாக வந்திருந்த ரஷ்யர் ஒருவர் முன்பக்கம் கிழிந்துபோன ஒரு பழைய பிரெஞ்சுப் புத்தகத்தை அவரிடம் கொண்டுவந்தார். ஒக்ரானாவில் வேலை பார்த்த ஒருவரிடம் மற்றப் பழைய புத்தகங்களோடு வாங்கியது அது. படித்தபோது ரஷ்யருக்கு வரிகள் எங்கேயோ கேட்டவை போல இருந்திருக்கின்றன. ஆசிரியர் பெயரும் தலைப்பும் இல்லாத அந்தப் புத்தகம் எது என்பதை பிரிட்டிஷ் மியூசிய நூலகத்தில் இருந்த படியை வைத்துக் கண்டுபிடித்தார்கள். ஜோலியின் நரக உரையாடல்! ஆகஸ்ட் 16, 17, 18 என்று மூன்று நாள், இரண்டு பிரதிகளின் பத்திகளையும் அடுத்தடுத்து அச்சிட்டு டைம்ஸ் உண்மையைப் போட்டு உடைத்தது. 15 மாதத்துக்கு முன் தான் கிளப்பிய சந்தேகத்துக்குத் தானே விடை சொன்னது. பத்திரிகைத் தொழிலில் இதைவிடச் சுத்தமான துப்புத் துலக்கல் அரிது.

கதை அங்கே முடிந்திருக்க வேண்டும். முன்னொரு போலி அப்படித்தான் முடிந்தது. ரோமப் பேரரசர் கான்ஸ்டன்டைன் மேற்கு நிலங்களையெல்லாம் போப்புக்கு எழுதிக் கொடுத்ததாகச் சொன்ன 'கான்ஸ்டன்டைனின் கொடை' என்ற சாசனம் பல நூற்றாண்டுகள் செல்லுபடியானது. 1440-ல் லொரென்சோ வல்லா என்ற இத்தாலியப் புலவர், அதன் லத்தீன் நடையும் சொற்களும் அந்தப் பேரரசரின் காலத்தவை அல்ல என்று காட்டினார். மெல்ல மெல்ல அதைச் சாட்சிக்கு இழுப்பவர்கள் இல்லாமல் போனார்கள். அது நிலத்துக்கான சாசனம். கையெழுத்துக் கள்ளம் என்றால் உரிமையும் போய்விடும். மூப்பர்களின் குறிப்புகளுக்கு அப்படி ஒரு தேவை இல்லை. அதைக் கையில் எடுத்தவர்கள் அதைப் படித்து யூதர்களை வெறுத்தவர்கள் அல்லர். வெறுப்பு முன்பே இருந்தது, காகிதம் பின்னால் வந்தது. காகிதத்தைப் பிடுங்கினால் வெறுப்பு கீழே விழுவதில்லை.

இதை நாஜிகளே எழுதி வைத்திருக்கிறார்கள். 1924-ல் தன் நாட்குறிப்பில் கோயபல்ஸ், ஆவணம் போலி என்றே தான் நினைப்பதாகக் குறித்துவிட்டு, அதன் நடப்பு உண்மையை நம்பாவிட்டாலும் உள்ளார்ந்த உண்மையை நம்புவதாகத் தொடர்கிறார். ஹிட்லர் 'மைன் காம்ப்'பில் இன்னும் ஒரு படி மேலே போனார். 'ஃப்ராங்க்ஃபுர்ட்டர் ட்சைட்டுங்' பத்திரிகை இதைப் போலி என்று ஓயாமல் அலறுவதே இது உண்மை என்பதற்கு மிகச் சிறந்த ஆதாரம் என்றார். சதிக்கதைகளின் பூட்டு இதுதான். ஒப்புக்கொண்டால் குற்றம், மறுத்தால் மறைப்பு. நிரூபித்தால், நிரூபித்தவனும் சதியில் கூட்டு. உள்ளே போன மனிதன் வெளியே வர ஒரு கதவும் வைக்காமல் கட்டிய அறை.

இதனால் செத்தவர்களுக்கு முகமும் பெயரும் உண்டு. வால்டர் ராத்தனாவ் ஜெர்மனியின் வெளியுறவு அமைச்சர், யூதர், தேசப்பற்றாளர். ஐரோப்பாவின் பொருளாதாரத்தை ஒருவரையொருவர் அறிந்த 300 பேர் நடத்துகிறார்கள் என்று 1909-ல் ஒரு கட்டுரையில் வருத்தத்தோடு எழுதியிருந்தார். தொழிலதிபர்களின் சிறு வட்டத்தைப் பற்றிய விமர்சனம் அது. மூப்பர்களின் எண்ணிக்கையை இவரே ஒப்புக்கொண்டுவிட்டார் என்று எடுத்துக்கொண்டார்கள். 1922 ஜூன் 24 காலை, அலுவலகத்துக்குத் திறந்த காரில் போய்க்கொண்டிருந்தவரை பெர்லின் தெருவில் சுட்டும் கையெறி குண்டு வீசியும் கொன்றார்கள். ராத்தனாவ் அந்த 300 மூப்பர்களில் ஒருவர் என்று கூட்டாளி தன்னிடம் சொன்னதாக, கொலையாளிகளின் காரை ஓட்டிய இளைஞன் நீதிமன்றத்தில் வாக்குமூலம் கொடுத்தான். டைம்ஸ் போலியை உடைத்து அப்போது பத்து மாதம் ஆகியிருந்தது.

நீதிமன்றத்தையும் முயன்றார்கள். சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரில் 1933-ல் நாஜி ஆதரவுக் கூட்டம் ஒன்றில் புத்தகம் விற்கப்பட்டது. ஆபாச, கீழ்த்தர இலக்கியத்தைத் தடுக்கும் உள்ளூர்ச் சட்டத்தின்கீழ் யூத அமைப்புகள் வழக்குப் போட்டன. பாஸல் மாநாட்டைப் பற்றிச் சொல்லச் சாட்சிகள் வந்தார்கள். ஒக்ரானாவின் வழிமுறைகளை அறிந்த ரஷ்யர்கள் வந்தார்கள். ஜோலியின் நூலும் பரிசீலிக்கப்பட்டது. 1935 மே மாதம் நீதிபதி வால்டர் மேயர், இது போலி, வெட்கக்கேடான திருட்டு எழுத்து என்று தீர்ப்பளித்தார். 1937-ல் மேல்முறையீட்டில் தீர்ப்பு மாறியது. உண்மைத்தன்மை பற்றிய முடிவு மாறவில்லை, அந்தச் சட்டம் இந்த மாதிரி அரசியல் எழுத்துக்குப் பொருந்தாது என்பதே காரணம். நாஜிப் பத்திரிகைகள் அந்தக் காரணத்தை விட்டுவிட்டு, தாங்கள் வென்றதாக மட்டும் கொண்டாடின. 60 லட்சம் யூதர்களைக் கொன்ற அரசின் பள்ளிகளில் இந்தப் புத்தகம் பாடமாகவும் இருந்தது. கோன் 1967-ல் தன் ஆய்வு நூலுக்கு 'இனக்கொலைக்கான பிடியாணை' என்று பொருள்படும் தலைப்பை வைத்தது சும்மா இல்லை.

ஃபோர்டு சொன்ன "பொருந்துகிறது" என்ற வார்த்தையை இங்கே நிறுத்திப் பார்க்க வேண்டும். ஏன் பொருந்துகிறது? ஜோலி எழுதியது ஒரு நாட்டுக்கு மட்டும் உரியதல்ல. அதிகாரம் எங்கே குவிந்தாலும் எப்படி நடந்துகொள்ளும் என்பதைப் பற்றியது. விலைவாசி ஏறும், பத்திரிகைகள் ஒரே குரலில் பேசும், கட்சிகள் சண்டை போடும், கடன் பெருகும். எந்தப் பத்தாண்டில் இவை நடக்காமல் இருந்தன? பெயர், தேதி, ஊர் எல்லாவற்றையும் துடைத்துவிட்டு இத்தகைய பொதுவான கெடுதல்களைத் திட்டமாகச் சொன்னால், அது 1905-க்கும் பொருந்தும், 1929-க்கும் பொருந்தும், போன வாரத்துக்கும் பொருந்தும். தவறாகிப் போகக்கூடிய ஒரு வாக்கியம்கூட இல்லாத ஆவணத்தைப் பார்த்தால் வியப்பு வரக்கூடாது, சந்தேகம் வர வேண்டும். ஆனாலும் சில இடங்களில் எழுதியவர் கவனக்குறைவாகத் தன் காலத்தின் தடத்தை விட்டுச் சென்றிருக்கிறார். தலைநகரங்களுக்கு அடியில் தோண்டும் சுரங்க ரயில் பாதைகளை வெடி வைக்கப் பயன்படுத்துவோம் என்று மூப்பர் மிரட்டுகிறார். அது பாரிஸில் மெட்ரோ ஓடத் தொடங்கிய காலத்துப் பேச்சு. தங்க நாணய முறைமேல் காட்டும் கோபம், 1897-ல் ரஷ்யா அந்த முறைக்கு மாறியபோது அங்கிருந்த பழமைவாதிகளின் கோபம். ஆயிரம் ஆண்டுச் சதி என்று சொல்லப்பட்டதில் ஓர் அரசு அலுவலகத்தின் அன்றாட அரசியல் வாசம் அடிக்கிறது.

யூதர்களே அநேகமாக இல்லாத ஜப்பானுக்கும் இது போனது. சைபீரியாவில் வெள்ளைப் படைகளோடு இருந்த ஜப்பானியச் சிப்பாய்களிடம் வந்து, 1924-ல் ஜப்பானிய மொழியில் அச்சானது. அரபு நாடுகளில் இஸ்ரேலோடு நடந்த போர்களுக்குப் பிறகு பதிப்புகள் பெருகின. நிலத்தை இழந்தவர்களின் நியாயமான துயரத்துக்கு ஜாரின் காலத்துக் குப்பை எந்த விதத்திலும் உதவாது என்பதை அங்கேயே பல அறிஞர்கள் எழுதியிருக்கிறார்கள். ஆனாலும் ஹமாஸ் 1988-ல் வெளியிட்ட சாசனத்தின் 32-வது பிரிவு இந்த ஆவணத்தை ஆதாரமாகக் காட்டியது. 2002 ரம்ஜான் மாதத்தில் எகிப்தியத் தொலைக்காட்சியில் வந்த 'குதிரையில்லாத குதிரைவீரன்' தொடரின் கதையும் இதைச் சுற்றியே அமைந்தது. இதற்கு நடுவே, 1964-ல் அமெரிக்க செனட்டின் ஒரு துணைக்குழு இது புனைவு என்று அறிக்கை வெளியிட்டது. 1993-ல் மாஸ்கோ நீதிமன்றம் ஒன்றும் போலி என்று சொன்னது.

அமெரிக்கச் சித்திரக்கதை உலகின் முன்னோடிகளில் ஒருவரான வில் ஐஸ்னர் இந்தப் பட்டியலைப் பார்த்துத்தான் தன் முதுமையில் ஒரு முடிவுக்கு வந்தார். போலியை உடைத்த நூல்களெல்லாம் ஆய்வாளர்கள் படிக்கும் நூல்கள், போலியோ சாதாரண மக்கள் கையில் மலிவு விலையில் புழங்குகிறது. ஆகவே கிஷினேவ், நீலுஸ், ஃபோர்டு, கிரேவ்ஸ், பெர்ன் எல்லாவற்றையும் கறுப்பு வெள்ளைப் படங்களாக வரைந்து 'தி ப்ளாட்' என்ற சித்திர நூலாக்கினார். அதன் நடுவில் பக்கம் பக்கமாக, ஜோலியின் வரிகளையும் மூப்பர்களின் வரிகளையும் இரண்டு பத்திகளில் எதிரெதிரே வைத்திருக்கிறார். முன்னுரை எழுதியவர் உம்பெர்த்தோ எக்கோ. 2005 ஜனவரி 3 அன்று, 87 வயதில் ஐஸ்னர் காலமானார். புத்தகம் அந்த மே மாதம் கடைகளுக்கு வந்தது.